மூன்றடி

ஒத்தக்கடை தாண்டி
ஐகோர்ட் ஸ்டாப்பில் இறங்கும்போதெல்லாம்
கண்டக்டர் கேட்பார், 'இன்னும் முடியலையாக்கா?'
முடிந்துவிட்டது என்பேன்.
தீர்ப்பு வந்து பதினாலு மாதம் ஆயிற்று.
ஜெயித்த கேசுக்குத்தான் இப்போது அலைகிறேன்.
டவுன் பஸ்ஸில் எங்களுக்குக் காசில்லை,
அது ஒன்றுதான் லாபம்.

எட்டு வாரத்துக்குள் என்று எழுதியிருந்தது.
வாய்க்கால் புறம்போக்கு, சர்வே எண் 114/2,
அதில் எழுப்பிய சுவரை அகற்ற வேண்டும்.
நகலை மஞ்சள் பையில் வைத்து
நானே கொண்டுபோய்க் கொடுத்தேன்.
கலெக்டர் ஆபீஸில் சீல் குத்தினார்கள்.
அங்கிருந்து ஆர்.டி.ஓ., அங்கிருந்து தாலுகா,
தாலுகாவிலிருந்து ஆர்.ஐ., அப்புறம் வி.ஏ.ஓ.
ஆலடியேந்தல் கடைமடை.
பெரியாற்றுத் தண்ணீரே வந்து சேர்வதில்லை,
காகிதமா வந்து சேரும்?

எட்டு வாரம் போய், இன்னொரு எட்டும் போய்
வக்கீல் ரெஜினா சொன்னார்,
'அவமதிப்பு வழக்குப் போடுவோம்.'
யாரை அவமதித்ததுக்கு என்று கேட்டேன்.
'கோர்ட்டை' என்றார்.
சரி,
எனக்கு நடந்ததற்கு வேறு பேர் போல.

ஆவணியில் ஒரு புதன்கிழமை
தாசில்தார் நேரில் ஆஜர்.
தனுஷ்கோடி என்று பெயர். வந்து நாற்பது நாள்தான்.
சுவர் எழும்பியபோது இருந்தவர் இப்போது உசிலம்பட்டியில்.
என் மனுவைத் தூக்கி எறிந்தவர் ரிட்டயர்டு.
இவர் நாற்காலியோடு சேர்த்து
அவமதிப்பையும் சார்ஜ் எடுத்துக்கொண்டவர்.
வராந்தாவில் என் பெஞ்சின் மறுகோடியில் உட்கார்ந்தார்.
கையில் மாத்திரை அட்டை.
'தண்ணி இருக்காம்மா?'
கொடுத்தேன்.
அண்ணாந்து குடித்துவிட்டு
மூடியை இறுக்கித் திருகித் தந்தார்.
நான் யாரென்று அவருக்குத் தெரியாது.

உள்ளே போய்
நிபந்தனையற்ற மன்னிப்புக் கேட்டார்.
மேடையைப் பார்த்துக் கேட்டார்.
எனக்குத் தெரிந்தது முதுகு.
வியர்வையில் ஒட்டிய வெள்ளைச் சட்டை,
அதற்குள் பனியனில் ஒரு ஓட்டை.
அரசு வக்கீல் நாலு போட்டோ நீட்டினார்,
முந்தின நாள் சாயங்காலம் எடுத்தது:
ஜேசிபி, இடிந்த செங்கல்,
ஓரத்தில் கைகட்டி நிற்கும் என் மூத்த மகன்.
உத்தரவு நிறைவேற்றப்பட்டது.
மனு முடித்து வைக்கப்படுகிறது.
ஆண்டிச்சி என்ற பெயரை
டவாலி ஒருதரம் கூப்பிட்டார்,
நான் எழுந்து நின்று முந்தானையைச் சரிசெய்வதற்குள்
அடுத்த கேஸ்.

போட்டோவில் அளவு தெரியாது.
முழம் போட்டுப் பார்த்தேன், ரெண்டு முழம்.
நூற்றிருபது அடிச் சுவரில் மூன்றடி.
திருமோகூர்ப் பெருமாள் மூன்றடி கேட்டு
உலகத்தையே வாங்கிக்கொண்டாராம்.
இவர்கள் மூன்றடி கொடுத்துவிட்டு
உலகத்தையே கொடுத்ததாக எழுதிக்கொண்டார்கள்.

ஐப்பசி இரண்டாம் வாரம் நல்ல மழை.
ராத்திரியே போய் நின்றேன்.
வந்தது.
அந்த இடுக்கில் நுழைந்து
செம்மண் நிறத்தில், வேப்பங்குச்சியும்
ஒற்றைச் செருப்பும் சுமந்து
பத்தடி வந்தது.
வந்து, அங்கே கொட்டி மேடாக்கியிருந்த மண்ணில் முட்டி
அப்படியே நின்றுவிட்டது.
மண்ணைப் பற்றி உத்தரவில் இல்லையே,
சுவர் மட்டும்தானே, என்றார் வி.ஏ.ஓ.
அவர் சொன்னதிலும் தப்பில்லை.
படித்துப் பார்த்துவிட்டேன், இல்லை.

'புதுசாத்தான் போடணும் அக்கா,' என்றார் ரெஜினா.
என்ன ஆதாரம் இருக்கிறது என்று
மஞ்சள் பையைக் கவிழ்த்தோம்.
அவர்கள் கொடுத்த போட்டோ நகல் விழுந்தது.
எத்தனை தரம் பார்த்திருப்பேன்,
அப்போதுதான் கண்ணில் பட்டது:
எல்லாரும் ஜேசிபியைப் பார்க்கிறார்கள்.
என் மகன் மட்டும்
அதற்குப் பின்னால் ஆளுயரத்துக்குக் கிடக்கும்
மண்ணைப் பார்த்துக்கொண்டிருக்கிறான்.

ரெஜினா பேனாவை எடுத்து
அதன் முதுகில் எழுதினார்,
ஆவணம் ஒன்று.